நீர்வேலியில் கேட்ட எபிரேயம்

சொதி எங்கள் ஊர்ச் சொத்து என்று ஐம்பத்து நான்கு வயது வரை நம்பியிருந்தேன். பாளையங்கோட்டைப் பக்கம் கல்யாணத்துக்கு மறுநாள் மாப்பிள்ளைக்குச் சொதி வைக்காவிட்டால் சம்பந்தி வீட்டார் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வார்கள். இலங்கைக்கு வந்து, மானிப்பாயில் போதகர் அருள்ராஜாவின் வீட்டில் இறங்கிய முதல் மாலையே, அவர் மனைவி என் தட்டில் இருந்த இடியப்பத்தின் மேல் இளமஞ்சளாக எதையோ ஊற்றி, "சொதி" என்றார். எங்கள் சொதியில் பாசிப்பருப்பும் காய்கறியும் நிறைந்து கிடக்கும். இதில் தேங்காய்ப்பாலும் பச்சைமிளகாயும் வெங்காயமும்தான். விசேஷம் என்ன என்று கேட்டேன். விசேஷம் ஒன்றுமில்லை, காலையும் மாலையும் வைப்பதுதான் என்றார். எனக்குக் கொஞ்சம் பொறாமையாக இருந்தது.

நான் வந்த வேலையைச் சொல்லிவிடுகிறேன். இறையியல் கல்லூரி ஒன்றில் இருபத்திரண்டு வருடமாக எபிரேய மொழி கற்பிக்கிறேன். எபிரேய வேதத்தின் முதல் நூலை, குறிப்புரையோடு, இன்றைய தமிழில் புதிதாகப் பெயர்க்கும் குழு ஒன்றில் நானும் இருக்கிறேன். அதிகாரங்களைப் பல ஊர்க் குழுக்களுக்குப் பிரித்துக் கொடுத்தோம். ரெபேக்காளின் கல்யாணமும் யோசேப்பின் கதையும் மானிப்பாய்க்குப் போயின. அவர்கள் அனுப்பிய வரைவைத் திருத்தியவன் நான். மொத்தத்தில் அருமையான வேலை. ஆனால் இரண்டு இடத்தில் 'உந்த மனிதர்', 'உவன் வருகிறான்' என்று இருந்தது. சிவப்பு மையால் அடித்து, பக்கத்தில் 'வட்டார வழக்கு, நீக்குக' என்று எழுதியிருந்தேன். அதைப் பேசி முடிக்கவும், எங்கள் குழுவின் செயலாளர் கொடுத்த கடிதம் ஒன்றை மானிப்பாய்க் குழுவின் முன் வாசிக்கவும்தான் ஐந்து நாள் பயணம்.

கடிதத்தில் இருந்தது எனக்குத் தெரியும். இறையியல் பட்டமும் சபை உறுப்புரிமையும் உள்ளவர்களின் பெயர் மட்டுமே மொழிபெயர்ப்பாளர் பட்டியலில் வரும். மற்றவர்கள் 'மற்றும் பலர்'. வழக்கமான விதி என்று நினைத்துப் பையில் போட்டுக்கொண்டு வந்திருந்தேன்.

உங்கள் குழுவில் எபிரேயம் நன்றாகத் தெரிந்தவர் யார் என்று போதகரிடம் கேட்டேன். அவர் சிரித்தார். தனக்கு எழுத்துக் கூட்டத் தெரியும் என்றார். பிறகு, "தவமணி அக்காதான் எல்லாம். வெளிநாட்டிலை இருந்தவ. நாளைக்கு லொறி வருது, வாழைக்குலை வெட்டுற நாள், அவவாலை வரேலாது. நீங்கள் ஒருக்கா நீர்வேலிக்குப் போட்டு வாங்கோ" என்றார். அவர் எந்தச் சபை என்று கேட்டேன். "அவ சைவம்" என்றார், ஊரில் மழை பெய்ததா என்று கேட்டால் சொல்லும் தொனியில்.

மறுநாள் காலை பஸ் ஏறினேன். மருதனார்மடத்தில் இறங்கி வேறு பஸ் பிடிக்க வேண்டும். சந்தி சந்தையோடு சேர்ந்து இரைந்துகொண்டிருந்தது. ஆஞ்சநேயர் கோயில் மணி ஒரு பக்கம், வெங்காயப் பேரம் ஒரு பக்கம். எங்கள் ஊர்ச் சந்தையில் அடுத்தவர் காலை மிதிக்காமல் நடக்க முடியாது. இங்கே சைக்கிளைத் தள்ளிக்கொண்டே நடக்கிறார்கள், ஆனாலும் யாரும் யாரையும் இடிக்கவில்லை. கீரை விற்ற அம்மாவிடம் நீர்வேலி பஸ் எங்கே நிற்கும் என்று கேட்டேன். "உதிலை நில்லுங்கோ, வரும்" என்றார். 'இதில்' என்று காதில் விழுந்தது. அவர் கடை வாசலிலேயே நின்றேன். பஸ் எனக்கு இருபதடி தள்ளி, வேப்பமரத்தடியில் வந்து, ஆளை ஏற்றிக்கொண்டு போனது. அந்த அம்மா என்னைப் பார்த்து, உதில் நிற்கச் சொன்னேனே என்று வருத்தப்பட்டார். அடுத்த பஸ்ஸுக்கு வேப்பமரத்தையும் தாண்டிப் போய் நின்றேன். அதுவும் போய்விட்டது. அங்கே ஒரு பஸ்ஸும் நிற்பதில்லை என்று அப்புறம் தெரிந்தது.

கடைசியில் ஓட்டோ பிடித்தேன். ஓட்டுநர் யார் வீடு என்று கேட்டார். தவமணி அம்மா என்றேன். யோசித்தார். வாழைத் தோட்டம், எபிரேயம், வெளிநாட்டில் இருந்தவர் என்று ஒவ்வொன்றாக அவிழ்த்தேன். "இஸ்ரேல் அக்கா வீடோ, அப்பிடிச் சொல்லுங்கோவன்" என்று வண்டியைத் திருப்பினார். நீர்வேலிக்குள் நுழைந்ததும் அந்த ஓட்டோவும் இருமி நின்றுபோனது. மிச்சத் தூரம் நடந்தேன். செம்மண் ஒழுங்கை, இரண்டு பக்கமும் வாழை. தாமிரபரணிக் கரையில் ஆற்றுத் தண்ணீரில் வளரும் வாழையைப் பார்த்த கண்ணுக்கு, கிணற்றை மட்டும் நம்பி இத்தனை பசுமையா என்று இருந்தது.

அப்போதுதான் வாழைகளுக்குள்ளிருந்து அந்தக் குரல் கேட்டது. ஒரு பெண் யாரையோ போனில் திட்டிக்கொண்டிருந்தார். "நீ சொல்வதை நான் நம்பமாட்டேன். காலையில் என்ன சாப்பிட்டாய்? காப்பி சாப்பாடு இல்லை, மிரியம். உன் அப்பாவும் இதே பொய்யைத்தான் சொல்லுவார்." இதையெல்லாம் எபிரேயத்தில்.

நான் ஒழுங்கையிலேயே நின்றுவிட்டேன். இருபத்திரண்டு வருடத்தில் எபிரேயத்தில் யாரும் யாரையும் சாப்பிடச் சொல்லி நான் கேட்டதில்லை. எனக்கு அது வாய்ப்பாடும் அகராதியும். தலையில் துண்டு கட்டி, கையில் குலை வெட்டும் கத்தியோடு, நெற்றியில் திருநீறு பூசிய ஓர் அம்மா வாழை இலையை விலக்கிக்கொண்டு வெளியே வந்தார். "பாளையங்கோட்டைச் சேரோ? வாங்கோ. லொறி வர இன்னும் கொஞ்சம் நேரம் கிடக்கு."

தவமணிக்கு வயது ஐம்பத்தெட்டு. கணவர் இறந்த பிறகு இரண்டு பெண்பிள்ளைகளைப் படிக்கவைக்க இஸ்ரேலுக்குப் போனவர். ஹைஃபா நகரத்தில் யாக்கோவ் என்ற கண் தெரியாத முதியவரைப் பராமரிக்கும் வேலை. பதினொரு வருடம் அந்த ஒரே வீடு. பேச்சை முதல் வருடத்தில் பிடித்துக்கொண்டார். எழுத்தை மருந்துப் போத்தல்களில் படித்தாராம். தப்பாகப் படித்தால் ஆள் போய்விடுவார் அல்லவா, அதனால் சரியாகப் படித்தேன் என்றார்.

யாக்கோவ் பள்ளிக்கூடத்தில் வேதம் படிப்பித்து ஓய்வுபெற்றவர். யூதர்கள் வேதத்தைத் தனியாக வாசிப்பதை விட இருவராக உட்கார்ந்து வாசிப்பதை விரும்புவார்கள். ஒருவர் வாசிக்க, மற்றவர் மறுக்க, ஒவ்வொரு சொல்லுக்கும் சண்டை. ஹவ்ரூத்தா என்று அதற்குப் பெயர். நான் இதைப் பாடமாக எடுத்திருக்கிறேன். செய்ததில்லை. யாக்கோவின் நீண்டநாள் கூட்டாளி இறந்தபோது அவருக்குச் சண்டை பிடிக்க ஆள் இல்லாமல் போனது. ஒருநாள், நீ வாசி என்று தவமணியிடம் புத்தகத்தை நீட்டினார். முதலில் தவமணி வாசிக்க மட்டும் செய்தார். ஒரு மாதத்தில் கேள்வி கேட்டார். ஒரு வருடத்தில் மறுத்தார். ரபிமார் என்ற பழைய யூத அறிஞர்களின் உரைகளையும் சேர்த்து, ஒவ்வொரு நாளும் காலையில், மருந்துக்கும் குளியலுக்கும் நடுவே வாசித்தார்கள்.

தவமணி ஊருக்குத் திரும்பிய பிறகு, அவர் மகளுக்குத் தெரிந்தவர் ஒருவர் மூலமாகப் போதகர் இதைக் கேள்விப்பட்டு நேரே வந்து உதவி கேட்டிருக்கிறார். அன்றிலிருந்து சனிக்கிழமைகளில் தவமணி மானிப்பாய் போகிறார்.

வீட்டுக்குள் கூட்டிப்போனார். அலுமாரியின் மேல்தட்டில் பிள்ளையார் படம். அதற்குக் கீழே, வெள்ளைத் துணியில் சுற்றிய ஐந்து தடித்த புத்தகங்கள். யாக்கோவின் மகள் மிரியம் கொடுத்தனுப்பியவை. பெஞ்சை அங்கே வாங்கு என்பார்கள், அதில் உட்காரவைத்து, கத்தரிக்காய்க் கறியும் முருங்கை இலை வறையும் சோறும் போட்டார். பிறகு கதலிப்பழம், ஒரு சீப்பு முழுவதும்.

சாப்பிட்டு முடிக்கும் நேரத்தில் கேட்டார், "உந்தச் சிவப்புக் கோடு போட்டது ஆர் சேர்?"

வாயில் பழம் இருந்தது. "குழுதான்" என்றேன்.

தவமணி, தேவைப்பட்டால் பேசலாம் என்று என் தொலைபேசி எண்ணைக் கேட்டார். ஒரு தாளில் எழுதிக் கொடுத்தேன். லொறி ஒலி எழுப்பியது. அவர் போய்க் குலைகளைத் தூக்கி ஏற்றியதைப் பார்த்துவிட்டுத் திரும்பினேன். பஸ்ஸில் வரும்போது என் பொய் என்னோடே உட்கார்ந்து வந்தது.

வெள்ளிக்கிழமை போதகரின் சைக்கிளை வாங்கிக்கொண்டு சுற்றப் புறப்பட்டேன். பழைய மிஷன் ஆஸ்பத்திரி தாண்டியதும் சங்கிலி கழன்றது. கைகள் கறுப்பானதுதான் மிச்சம். பலசரக்குக் கடைக்காரர் வெளியே வந்து, பேசாமல் குந்தி, ஒரு குச்சியால் சங்கிலியைப் பல்லில் மாட்டினார். என் பேச்சை வைத்து இந்தியாவா என்றார். என்ன வேலையாக என்றார். எபிரேயம் என்றதும் முகம் மலர்ந்தது. நீர்வேலி ஆள் ஒருத்தி அதில் புலி, கண்டீர்களா என்று கேட்டார். கண்டேன் என்றேன். "எங்கடை ஆள்" என்று சொல்லிவிட்டுக் கடைக்குள் போனார். உள்ளிருந்து பிளேன்ரி ஒன்று வந்தது, பால் இல்லாத தேநீர். காசு வாங்க மறுத்துவிட்டார்.

சனிக்கிழமை பிற்பகல் சபை மண்டபத்தில் பத்துப் பேர். எங்கள் ஊர் வேதபாட வகுப்பில் ஒருவர் பேசுவார், மற்றவர்கள் தலையாட்டுவார்கள். இங்கே வாங்குகளை எதிரெதிராகப் போட்டு இரண்டிரண்டு பேராக உட்கார்ந்தார்கள். தவமணி வந்த பிறகு வந்த பழக்கம் இது. போதகருக்கு எதிரே ஓய்வுபெற்ற தபாலதிபர் ஒருவர் உட்கார்ந்து, அவர் சொன்ன எல்லாவற்றையும் மறுத்துக்கொண்டிருந்தார். மண்டபம் மருதனார்மடச் சந்தை போல இரைந்தது. எனக்கு எதிரே தவமணி.

அவர் வாசித்தார். தங்குதடை இல்லாமல், வீட்டுப் பேச்சைப் போல. நான் பதிலுக்கு வாசித்தபோது என் உச்சரிப்பு எனக்கே கல்லூரிச் சுவர்போல ஒலித்தது. பிறகு அந்தச் சொல்லுக்கு வந்தோம். 'ஹல்லாஸே'. எபிரேய வேதத்தின் முதல் ஐந்து நூல்களிலும் இரண்டே இடத்தில் வரும். ஒட்டகத்தின் மேலிருந்து ரெபேக்காள், வயலில் எதிரே வரும் ஈசாக்கைப் பார்த்து, அந்த மனிதர் யார் என்று கேட்கும் இடம் ஒன்று. தம்பி யோசேப்பு வருவதைப் பார்த்து, கனவுக்காரன் வருகிறான் என்று அண்ணன்மார் பேசிக்கொள்ளும் இடம் மற்றது.

இது அரிதான ஒரு வடிவம், பொருள் 'அந்த' என்பதுதான், அப்படித்தான் இத்தனை வருடமும் கற்பிக்கிறேன் என்றேன்.

மற்ற எல்லா இடத்திலும் சாதாரணச் சொல்லைப் போட்டவர் இங்கே மட்டும் ஏன் இதைப் போட்டார் என்று கேட்டார். பழைய ரபிமாருக்கும் அதே கேள்வி இருந்தது. ஒரே சொல் இரண்டு இடத்திலும் வருவதால், யோசேப்பைப் போலவே ஈசாக்கும் அழகாக இருந்தான், ரெபேக்காள் அதைக் கண்டாள் என்று அவர்கள் இரண்டையும் முடிச்சுப் போட்டார்கள். நானும் அதைப் படித்திருக்கிறேன், அடிக்குறிப்பாக.

யாக்கோவோடு வாசித்தபோதே தனக்கு வேறொன்று பட்டது என்றார் தவமணி. இரண்டு இடத்திலும் ஆள் தூரத்தில் தெரிகிறான். கிட்ட வரவில்லை, ஆனால் வந்துகொண்டிருக்கிறான். அதற்குள் பேசிவிடுகிறார்கள். "கையை நீட்டினாத் தொடேலாது சேர். ஆனா ஆளைத் தெரியுது. அதுக்கு எங்களிட்டைச் சொல் கிடக்கு, உவன், உவள், உது. அந்தாள் கேட்டுப்போட்டுச் சிரிச்சவர். தனக்கு ஒரு சொல், உங்கடை ஊருக்கு ஒரு குடும்பமே இருக்கெண்டு."

நான் விடவில்லை. யோசேப்பின் கதையை எங்கள் சபைகளில் கிறிஸ்துவின் நிழலாக வாசிப்போம், சொந்தச் சகோதரர் புறக்கணித்த மீட்பர் என்று. அந்த வாசிப்புக்கு இந்தச் சின்னச் சுட்டுச்சொல் ஏன் என்றேன்.

"அப்பிடியும் வாசிக்கலாம். போதகரும் அப்பிடித்தான் பிரசங்கம் பண்ணுறவர், கேக்க நல்லாயிருக்கும். ஆனா முதல்லை அந்தப் பெடியன் வயலாலை நடந்து வந்து சேரட்டும்."

அடுத்துக் கேட்டதில் கேலி இல்லை. உண்மையாகவே தெரிந்துகொள்ளக் கேட்டார். "உங்கடை ஊரிலை இங்கையும் அங்கையும் மட்டும்தானோ? நடுவிலை ஒண்டும் இல்லையோ?"

எங்கள் ஊர்ப் பள்ளிக்கூடத்தில் படித்த எல்லோருக்கும் இது மனப்பாடம். சுட்டெழுத்து மூன்று, அ, இ, உ. அதற்கு அடுத்த வரியும் மனப்பாடம், 'உ' இப்போது வழக்கில் இல்லை. யாருடைய வழக்கில் என்று நான் ஒருபோதும் கேட்டதில்லை. இரண்டு நாள் முன்பு கீரைக் கடையில் அந்த எழுத்து என்னிடம் நேரடியாகப் பேசியது. நான் அதைப் புரிந்துகொள்ளாமல் இரண்டு பஸ்ஸை விட்டேன். செத்துப்போனது என்று நான் நினைத்த எழுத்து, ஓர் எபிரேயச் சொல்லின் சரியான அளவுக்கு இத்தனை காலம் இங்கே உயிரோடு இருந்திருக்கிறது. பல மொழிகளில் சுற்றிவளைத்துச் சொல்ல வேண்டியதை என் மொழி ஒரே எழுத்தில் சொல்கிறது. எனக்கு நெஞ்சு நிமிர்ந்தது. அதே நேரம் முகம் சுட்டது.

அந்தக் கோட்டைப் போட்டவன் நான்தான், அன்றைக்குப் பொய் சொன்னேன் என்றேன்.

"தெரியும் சேர்" என்றார். "நம்பர் எழுதித் தந்தனீங்கள் எல்லோ. அதே கையெழுத்து."

சண்டைகள் அடங்கியதும் போதகர் எல்லோரையும் வட்டமாக உட்காரவைத்தார். இரண்டு சொல்லும் அப்படியே இருக்கும், நான் பொறுப்பு என்றேன். பிறகு கடிதத்தை எடுத்தேன். வாசிக்காமல் விட்டுவிடலாம் என்று தோன்றியது. ஒரு பொய் போதும் என்று வாசித்தேன். தபாலதிபர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். போதகர், அப்படியென்றால் எங்கள் பெயர்களையும் எடுத்துவிடுங்கள் என்றார்.

தவமணி கையைக் காட்டி அவரை நிறுத்தினார். பெயர் முக்கியமில்லை என்று சொல்லப்போகிறார் என்று நினைத்தேன். இப்படிப்பட்ட இடங்களில் பெண்கள் அதைத்தான் சொல்ல வேண்டும் என்று நாம் எதிர்பார்க்கிறோம்.

"ஒருத்தற்றை பேரும் எடுக்க வேண்டாம். என்ரை பேர் வரத்தான் வேணும்" என்றார். "பதினொரு வருஷம் அங்கை என்னைப் பராமரிப்புக்காரி எண்டுதான் கூப்பிட்டவை. இங்கை வந்தா இஸ்ரேல் அக்கா. பேர் சொல்லிக் கூப்பிட்டது அந்தக் கண் தெரியாத மனிசன் ஒராள்தான். உது நான் செய்த வேலை சேர். வடிவாச் செய்தனான். எனக்கு அதிலை பெருமை இருக்கு."

குரல் உயரவில்லை. சொல்லிவிட்டுத் தேத்தண்ணியைக் குடித்தார். யாரோ ஒருவர் கைதட்ட ஆரம்பிக்க, எல்லோரும் தட்டினார்கள். நானும் தட்டினேன்.

அங்கிருந்தே செயலாளருக்குப் போன் செய்தேன். பட்டம் இல்லாதவர், சபையில் இல்லாதவர், நாளைக்கு விற்பனையில் கேள்வி வரும் என்றார். இந்த வேதத்தை எழுதியவர்களும் எந்தச் சபையிலும் இல்லாதவர்கள்தான் என்றேன். எழுதிக் கொடுங்கள், குழுவில் வைக்கிறேன் என்றார். ஞாயிறு ஆராதனை முடிந்து, மாமரத்தடியில் உட்கார்ந்து நான்கு பக்கம் எழுதினேன். வட்டார வழக்கு என்ற என் குறிப்பைத் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன் என்று தொடங்கி, அவர் பெயர் இல்லாத பட்டியலில் என் பெயரும் வேண்டாம் என்று முடித்தேன். திங்கட்கிழமை புறப்பட்டேன்.

ஊரில் எங்கள் குழு கூடியபோது நான் எதிர்பார்த்ததைவிட அதிகமாகச் சண்டை நடந்தது. இரண்டு பேர் கடைசிவரை ஒப்பவில்லை. ஒருவர் என்னிடம், நீங்கள் இலங்கைக்காரராகவே மாறிவிட்டீர்கள் என்றார். பாராட்டாக எடுத்துக்கொண்டேன். மாலைக்குள் முடிவானது. 'உந்த'வும் 'உவனு'ம் இருக்கும், ஏன் என்று குறிப்புரையில் விளக்கம் வரும். பெயர்கள் எல்லாம் அகர வரிசையில், ஒரே அளவு எழுத்தில் வரும்.

உடனே தவமணிக்குப் போன் செய்தேன். பின்னால் தண்ணீர் இறைக்கும் மிசின் ஓடிக்கொண்டிருந்தது. சொன்னதை மறுபடி சொல்லச் சொன்னார். சொன்னேன்.

"ஊர்ப் பேரும் போடினமோ?" என்று கேட்டார்.

பெயரும் பட்டமும்தான் போடுவது வழக்கம் என்றேன்.

"எனக்குப் பட்டம் இல்லைத்தானே. அந்த இடத்திலை ஊரைப் போடச் சொல்லுங்கோ."

செயலாளருக்கு மறுபடியும் எழுதினேன். போன வாரம் அச்சுப்படி வந்தது. எங்கள் பெயர்களுக்குப் பின்னால் எங்கெங்கோ வாங்கிய பட்டங்கள், சுருக்கெழுத்துகள், புள்ளிகள். நடுவில் ஒரு வரி, 'கந்தையா தவமணி, நீர்வேலி'. அந்தப் பக்கத்தில் திருத்த ஒன்றுமில்லை என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு அனுப்பினேன்.